விழுக்காடு மட்டும் போதாது

திருவண்ணாமலை செங்கம் சாலையில் ரமணாசிரமத்தை ஒட்டிய தெருக்களை, அமைதியை நாடி வருவோரின் இருப்பிடமாகவே வெளியூர் வாசகர்கள் அறிந்திருப்பார்கள். படையில் இளமையைக் கழித்துவிட்டு, உடலில் ஏதோ ஒரு குறையோடு ஊர் திரும்பியவர்களும் இங்கே வசிக்கிறார்கள். பழைய வட ஆர்க்காடு மாவட்டம் தலைமுறைகளாக ராணுவத்துக்கு ஆள் அனுப்பிய மண். அதிலிருந்து 1989-இல் பிரிந்த திருவண்ணாமலை மாவட்டத்திலும் அந்த மரபு தொடர்கிறது.

அவர்களுள் சிலருடைய ஓய்வூதிய ஆணைகளையும் மருத்துவக் குழு அறிக்கைகளையும் படித்துப் பொருள் சொல்லும் வேலை எனக்கு அவ்வப்போது வாய்க்கிறது. ஆவணங்கள் ஆங்கிலத்தில், சுருக்கக் குறியீடுகள் நிறைந்து இருக்கும். வருவோரின் கேள்வி பெரும்பாலும் ஒன்றுதான்: "எனக்கு எண்பது பர்சன்ட் போட்டிருக்காங்க சார். அரசாங்கத்துல என்னென்ன கிடைக்கும்?" கேள்வி நியாயமானது. ஆனால், விடை அந்த எண்ணில் மட்டும் இல்லை. அதற்கு அருகில் உள்ள இன்னொரு கட்டத்தில் இருக்கிறது. அந்தக் கட்டத்தைப் படிக்காமலேயே பல ஆண்டுகளைக் கடத்தியவர்கள் உண்டு.

படைவீரர் பணியிலிருந்து வெளியேறும்போது மருத்துவக் குழு இரண்டு கேள்விகளுக்கு விடை எழுதுகிறது. இயலாமை எத்தனை விழுக்காடு என்பது முதல் கேள்வி. அந்த இயலாமை ராணுவப் பணியால் விளைந்ததா, பணியால் தீவிரமடைந்ததா, அல்லது இரண்டும் இல்லையா என்பது இரண்டாவது கேள்வி. 'அட்ரிபியூட்டபிள்' என்றோ 'அக்ரவேட்டட்' என்றோ எழுதப்பட்டு, விழுக்காடு 20-க்குக் குறையாமல் இருந்தால் இயலாமை ஓய்வூதியத்துக்குக் கதவு திறக்கும். இரண்டும் அல்ல என்று எழுதப்பட்டால், பணிக்காலம் முடித்து ஓய்வு பெற்றவருக்கு வழக்கமான ஓய்வூதியம் மட்டுமே. விழுக்காடு எண்பதாக இருந்தாலும் அந்த நிலை மாறாது.

காரணத்தை அரசு ஐந்து பிரிவுகளாக வகுத்திருக்கிறது. பணியோடு தொடர்பற்ற இயற்கையான நோய் 'ஏ' பிரிவு. பணிச் சூழலால் வந்த அல்லது முற்றிய நோய் 'பி'. பணியில் நேர்ந்த விபத்து 'சி'. சமூக விரோதிகள் முதலானோரின் வன்முறையில் பட்ட காயம் 'டி'. போர், எல்லை மோதல், ராணுவ நடவடிக்கைப் பகுதியில் தீவிரவாதிகளின் தாக்குதல், கண்ணிவெடி போன்றவற்றால் நேர்ந்தது 'இ'.

இந்த எழுத்துகளின் மதிப்பை ஓர் எடுத்துக்காட்டால் விளக்கலாம். கணக்கில் கொள்ளப்படும் கடைசி மாத ஊதியம் 40,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். நான்கு வீரர்கள், நால்வருக்கும் 80 விழுக்காடு இயலாமை. முதலாமவர் 'ஏ' பிரிவில் பணிக்காலம் முடித்து ஓய்வு பெற்றவர்: இயலாமைக்காக அவருக்கு ஒன்றும் இல்லை. இரண்டாமவர் 'பி' அல்லது 'சி' பிரிவு: முழு இயலாமைக்கு ஊதியத்தில் 30 விழுக்காடு என்ற விதிப்படி, மாதம் 12,000 ரூபாய். மூன்றாமவர் 'இ' பிரிவில் காயமுற்று, பணியில் தொடர்ந்து, பின்னர் ஓய்வு பெற்றவர்: போர்க் காய ஓய்வூதியத்தின்படி 60 விழுக்காடு, அதாவது 24,000 ரூபாய். நான்காமவர் அதே 'இ' பிரிவில் காயத்தின் காரணமாகவே பணியிலிருந்து வெளியேற்றப்பட்டவர்: 100 விழுக்காடு, அதாவது 40,000 ரூபாய். இவை யாவும் பணிக்கான ஓய்வூதியத்துக்கு மேல் கிடைப்பவை. அகவிலை நிவாரணமும் இவற்றோடு சேரும். எண் ஒன்றே. காரணம்தான் வேறு.

80 விழுக்காட்டுக்கு முழு இயலாமைக்குரிய தொகை எப்படி வந்தது என்று வாசகர் கேட்கலாம். மருத்துவக் குழுவின் மதிப்பீட்டில் ஏற்படும் சிறு வேறுபாடுகள் வீரரைப் பாதிக்கக் கூடாது என்பதற்காக விழுக்காட்டை மேல்நோக்கி முழுமையாக்கும் முறை 1996 ஜனவரி முதல் நடைமுறைக்கு வந்தது. 50-க்குக் கீழே இருந்தால் 50 என்றும், 50 முதல் 75 வரை இருந்தால் 75 என்றும், 76 முதல் 100 வரை இருந்தால் 100 என்றும் கொள்ளப்படும். இந்தச் சலுகை உடல்நலக் காரணத்தால் வெளியேற்றப்பட்டவர்களுக்கு மட்டுமே என்று அரசு வாதிட்டது. பணிக்காலம் முடித்து ஓய்வு பெற்றவர்களுக்கும் அது உரியதே என்று ராம் அவதார் வழக்கில் 2014 டிசம்பர் 10 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அதற்கு முன் ஓய்வு பெற்று, இன்னும் பழைய விழுக்காட்டின்படியே தொகை பெறுபவர்கள் தங்கள் ஆணையைக் கட்டாயம் சரிபார்க்க வேண்டும்.

முழு இயலாமை என மருத்துவக் குழுவே மதிப்பிட்டு, அன்றாட வாழ்வுக்கு இன்னொருவர் துணை தேவை என்றும் பரிந்துரைத்தால், தொடர் பராமரிப்புப் படி தனியாக உண்டு. ஏழாவது ஊதியக் குழுவுக்குப் பின் இது மாதம் 6,750 ரூபாயாக நிர்ணயிக்கப்பட்டது. அகவிலைப்படி உயர்வையொட்டி இதுவும் உயரும். படுக்கையில் இருக்கும் கணவரை மனைவி பார்த்துக்கொள்ளும் வீடுகளில், இப்படி ஒரு படி இருப்பதே பலருக்குத் தெரிவதில்லை.

இனி, இரண்டும் அல்ல என்று எழுதப்பட்டவர்களின் நிலை. அந்த வரியே இறுதித் தீர்ப்பு என்று நினைத்துப் பலர் தாளை மடித்து வைத்துவிடுகிறார்கள். சட்டம் அப்படிச் சொல்லவில்லை. தரம்வீர் சிங் என்ற வீரர் 1985-இல் படையில் சேர்ந்தவர். வலிப்பு நோயால் 20 விழுக்காடு இயலாமை எனக் கணக்கிடப்பட்டு 1994-இல் வெளியேற்றப்பட்டார். நோய் பணியால் வந்ததல்ல என்று கூறி ஓய்வூதியம் மறுக்கப்பட்டது. 2013 ஜூலையில் உச்ச நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. படையில் சேரும்போது நடந்த மருத்துவப் பரிசோதனையில் ஒரு நோய் குறிக்கப்படவில்லை என்றால், அது பணிக்காலத்தில் பணியால் வந்ததாகவே கொள்ள வேண்டும். அப்படியல்ல என்று மெய்ப்பிக்கும் பொறுப்பு அரசுடையது. ஐயம் எழுந்தால் அதன் பலன் வீரருக்கே. அப்போதைய தகுதி விதிகளின் பொருள் இதுவே என்றது நீதிமன்றம். நோய் பணியால் வந்ததல்ல என்று கூறும் மருத்துவக் குழு அதற்கான காரணத்தையும் எழுத வேண்டும். காரணம் இல்லாத முடிவு செல்லாது.

எனவே, மறுக்கப்பட்டவர் முதலில் துறைக்குள்ளேயே முதல் மேல்முறையீடும், பின்னர் இரண்டாம் மேல்முறையீடும் செய்யலாம். அவையும் பயன் தராவிட்டால் ஆயுதப் படைத் தீர்ப்பாயம் இருக்கிறது. 2007-ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் அமைந்த அந்தத் தீர்ப்பாயத்தின் அமர்வு சென்னையிலேயே இயங்குகிறது. டெல்லிக்குப் போக வேண்டியதில்லை.

ஆனால், தாமதத்துக்கு விலை உண்டு. தர்சேம் சிங் என்ற வீரர் 1983-இல் உடல்நலக் காரணத்தால் வெளியேற்றப்பட்டு, 1999-இல்தான் நீதிமன்றத்தை அணுகினார். ஓய்வூதிய மறுப்பு மாதந்தோறும் தொடரும் தவறு. ஆகவே தாமதமாக வந்தாலும் உரிமை அழியாது என்றது உச்ச நீதிமன்றம். ஆயினும், நிலுவைத் தொகையை வழக்குத் தொடுப்பதற்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கு மட்டுமே என்று 2008-இல் வரையறுத்தது. பதினாறு ஆண்டுக் காத்திருப்பில் பெரும்பகுதி வரவில் சேரவில்லை. இந்த அளவுகோல் பின்னர் பல வழக்குகளிலும் பின்பற்றப்பட்டது.

வெளியேறிய நாளும் முக்கியம். 2023 செப்டம்பர் 21 முதல் புதிய தகுதி விதிகள் நடைமுறைக்கு வந்துள்ளன. பணிக்காலத்தை முடித்து இயலாமையுடன் ஓய்வு பெறுபவர்களுக்கு 'பாதிப்பு நிவாரணம்' என்ற புதிய பெயரில் தொகை வழங்கப்படுகிறது; ரத்த அழுத்தம் போன்ற நோய்களைப் பணியோடு தொடர்புபடுத்தும் விதிகளும் இறுக்கப்பட்டுள்ளன. அந்த நாளுக்கு முன் வெளியேறியவருக்குப் பொருந்திய கணக்கைப் பின் வெளியேறியவர் அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. அக்னிவீரர்களுக்கு நிலை மேலும் வேறுபடுகிறது. அவர்களுக்கு மாதாந்திர ஓய்வூதியம் கிடையாது. பணியால் விளைந்த இயலாமைக்கு 100, 75, 50 என்ற விழுக்காட்டுப் படிகளில் முறையே 44 லட்சம், 25 லட்சம், 15 லட்சம் ரூபாய் ஒருமுறை கருணைத்தொகையாக வழங்கப்படும். இங்கும் காரணத்தின் சொல்லே முதலில் பார்க்கப்படும்.

வருமான வரியிலும் அப்படித்தான். இயலாமை ஓய்வூதியத்துக்கு வரிவிலக்கு நெடுங்காலமாக இருந்து வருகிறது. அந்த விலக்கு உடல்நலக் காரணத்தால் வெளியேற்றப்பட்டவர்களுக்கே உரியது, பணிக்காலம் முடித்து ஓய்வு பெற்றவர்களுக்கு அல்ல என்று 2019 ஜூனில் மத்திய நேரடி வரிகள் வாரியம் சுற்றறிக்கை வெளியிட்டது. வெளியேறிய விதம் ஆணையில் எப்படிக் குறிக்கப்பட்டுள்ளது என்பதைப் பார்க்காமல் வரிக் கணக்கைத் தாக்கல் செய்வது நல்லதல்ல.

இன்னொரு குழப்பத்தையும் தெளிவாக்க வேண்டும். ராணுவ மருத்துவக் குழு தரும் விழுக்காடும், மாவட்ட அரசு மருத்துவமனையின் மருத்துவக் குழு தரும் மாற்றுத்திறனாளி சான்றிதழின் விழுக்காடும் வெவ்வேறு. 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளைப் பட்டியலிடுகிறது. அதன் முக்கியச் சலுகைகளுக்குக் குறைந்தது 40 விழுக்காடு வேண்டும். நீரிழிவுக்காக ராணுவக் குழு 20 விழுக்காடு தந்திருந்தாலும் அந்த நோய் இந்தப் பட்டியலில் இல்லை. மாறாக, பீரங்கி ஓசையால் கேட்கும் திறனை இழந்தவரும், காலை இழந்தவரும் இரண்டு சான்றுகளையும் பெறலாம், பெற வேண்டும். அரசு வேலையில் மாற்றுத்திறனாளி ஒதுக்கீடு முதலியவற்றுக்கு இரண்டாவது சான்றுதான் செல்லும். ஒன்று இருக்கிறதே என்று மற்றதை விட்டுவிடுவது இழப்பு.

பணத்துக்கு அப்பாற்பட்டவையும் உள்ளன. 2003 ஏப்ரலில் தொடங்கிய முன்னாள் படைவீரர் பங்களிப்பு சுகாதாரத் திட்டம் வீரருக்கும் துணைவிக்கும் தகுதியுள்ள சார்ந்தோருக்கும் மருத்துவம் அளிக்கிறது. நமக்கு அருகில் வேலூரில் அதன் மருத்துவமனை உண்டு. செயற்கை உறுப்புகளுக்கு 1944 முதல் இயங்கும் புணே செயற்கை உறுப்பு மையமும், தண்டுவடம் பாதிக்கப்பட்டோருக்குக் கிர்க்கி, மொகாலி ஆகிய இடங்களில் மறுவாழ்வு மையங்களும் இருக்கின்றன. போர் நடவடிக்கையில் நிரந்தர இயலாமை அடைந்தவர்களின் பிள்ளைகளுக்குக் கல்விக் கட்டணச் சலுகை உண்டு. பிரதமரின் கல்வி உதவித்தொகையில் மாணவருக்கு மாதம் 2,500, மாணவிக்கு 3,000 ரூபாய் வழங்கப்படுகிறது. அதன் முன்னுரிமைப் பட்டியலில் பணியால் இயலாமை அடைந்தோரின் பிள்ளைகளும் இடம்பெறுகிறார்கள்.

வீட்டுப் பெண்கள் அறிய வேண்டிய செய்தி ஒன்று உண்டு. வீரர் மறைந்த பின் இயலாமைக்கான தொகை மனைவிக்குத் தொடராது. பொதுவாகச் சாதாரணக் குடும்ப ஓய்வூதியமே கிடைக்கும். அவர் இறந்தது அந்தப் பணிசார்ந்த குறைபாட்டினால்தான் என்று நிறுவப்பட்டால் மட்டுமே கூடுதலான சிறப்புக் குடும்ப ஓய்வூதியம் கேட்க முடியும். அதை நிறுவ மருத்துவக் குழு அறிக்கை, சிகிச்சைக் குறிப்புகள், இறப்புக் காரணச் சான்று ஆகியவை வேண்டும். அவற்றை வீரர் உயிரோடு இருக்கும்போதே ஒரே கோப்பில் வைத்து, மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் காட்டிவைப்பது நலம். மருத்துவக் குழு அறிக்கை கையில் இல்லாதவர் தம் படைப்பிரிவின் ஆவண அலுவலகத்துக்கு எழுதிப் பெறலாம். மதராஸ் ரெஜிமென்ட் எனில் வெலிங்டனுக்கும், மதராஸ் பொறியாளர் பிரிவு எனில் பெங்களூருக்கும் எழுத வேண்டும். ஓய்வூதிய விவரங்களை 'ஸ்பர்ஷ்' இணையதளத்தில் காணலாம். ஓய்வூதியத்திலும் நலத்திட்டங்களிலும் வழிகாட்ட மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகம் இருக்கிறது.

இவ்வளவையும் ஒரு வீரர் தாமே தேடித் தெரிந்துகொள்ள வேண்டியிருப்பதுதான் குறை. ஓய்வூதிய ஆணையோடு அதன் பொருளைத் தமிழில் விளக்கும் ஒரு பக்கத்தை இணைப்பது அரசுக்குப் பெரிய செலவல்ல. உங்கள் இயலாமை இத்தனை விழுக்காடு, காரணம் இது, ஆகவே இந்தத் தொகை. ஏற்கவில்லை எனில் இன்ன நாளுக்குள் இன்னாரிடம் முறையிடலாம் என்று நான்கு வரிகள் போதும். தரவுகள் எல்லாம் கணினியில் சேர்ந்துவிட்ட இந்நாளில், விழுக்காடு முழுமையாக்கப்படாமல் விடுபட்டவர்களைத் தேடிக் கண்டுபிடிப்பதும் அரசால் இயலும். அவர்களைத் தீர்ப்பாயத்தின் படியேற வைப்பது, ஒரே தீர்ப்பை ஆயிரம் முறை வாங்குவதற்கு ஒப்பாகும்.

அது நடக்கும் வரை, முன்னாள் வீரர்கள் தாமே செய்யக்கூடியது ஒன்று இருக்கிறது. பெட்டியில் இருக்கும் அந்தத் தாளை எடுத்து, விழுக்காட்டுக்கு அருகில் என்ன எழுதியிருக்கிறது என்று படியுங்கள். படிக்கத் தெரியாவிட்டால் தெரிந்தவரிடம் கொடுத்துக் கேளுங்கள். அங்கே எழுதியிருப்பது தவறு என்று தோன்றினால் இந்த மாதமே எழுதிக் கேளுங்கள்.