எரிமலையற்ற பிரதேசம்: சொல்லின் பொருளும் பயன்பாடும்



புவியியல் பாடத்தில் எரிமலை பற்றி நாம் நிறையவே படிக்கின்றோம். எரிமலை எங்கே உண்டு, எவ்வாறு கக்குகின்றது, அதனால் விளையும் நன்மை தீமைகள் யாவை என்பவற்றைப் பலரும் மனனம் செய்து வைத்திருக்கின்றீர்கள். ஆனால் "இமயமலையில் எரிமலைகள் காணப்படாமைக்குக் காரணம் யாது?" என்று கேட்டால் பேனா நின்றுவிடுகின்றது. எமது வகுப்பில் ஒருமுறை இவ்வினாவைக் கொடுத்தபோது, "இமயமலை ஓர் அவிந்த எரிமலையாகும்" என்று எழுதியவர்கள் பலர். "இமயமலையில் பனி இருப்பதால் எரிமலை அணைந்துவிட்டது" என்றும் ஒருவர் எழுதியிருந்தார். இவை இரண்டும் பிழையான விடைகள்.

இப்பிழைகளுக்குக் காரணம், "எரிமலையற்ற" என்னும் சொல்லின் பொருள் தெளிவாக விளங்காமையே. எனவே இச்சொல்லின் பொருளையும், அதை எங்கே பயன்படுத்தலாம், எங்கே பயன்படுத்தக் கூடாது என்பதையும் விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

1. சொல்லின் பொருள்

நீரற்ற, உயிரற்ற, மரமற்ற என்னும் சொற்களைப் போன்றதே "எரிமலையற்ற" என்பதும். எரிமலைச் செயற்பாடு இல்லாத என்பது இதன் பொருள். இங்கு "எரிமலைச் செயற்பாடு" என்பதைக் கவனிக்க வேண்டும். கூம்பு வடிவில் ஒரு மலை இல்லை என்பது மட்டுமன்று. புவியின் உள்ளிருந்து பாறைக்குழம்பு (மக்மா), சாம்பல், வாயுக்கள் ஆகியன மேற்பரப்புக்கு வரும் செயல் அங்கு நடைபெறவில்லை என்பதே கருத்து. ஏனெனில் மலையே இல்லாமல் நீண்ட பிளவுகளின் வழியாக லாவா வழிந்தோடும் இடங்களும் உலகில் உண்டு. ஐஸ்லாந்து இதற்கு நல்ல உதாரணம்.

இச்சொல் பெயரடையாக வரும். ஆகவே இது எதைச் சிறப்பிக்கின்றது என்பதை அறிந்துகொள்ளுங்கள்.

• எரிமலையற்ற பிரதேசம்
• எரிமலையற்ற மலைத்தொடர்
• எரிமலையற்ற தகட்டெல்லை
• எரிமலையற்ற வெந்நீரூற்று

"எரிமலையற்ற எரிமலை" என்று எவரும் எழுதமாட்டார்கள். அதாவது இச்சொல் ஓர் இடத்தை அல்லது ஒரு நிகழ்வைக் குறிக்குமே அன்றி, ஓர் எரிமலையின் நிலையைக் குறிக்காது.

2. மயக்கம் தரும் சொற்கள்

எரிமலையின் நிலையைக் குறிக்கும் சொற்கள் வேறு. அவை மூன்று.

(அ) உயிர்ப்புள்ள எரிமலை: அண்மைக் காலத்தில் கக்கிய அல்லது இப்போதும் கக்கிக்கொண்டிருக்கும் எரிமலை. உதாரணம்: இந்தோனேசியாவின் மெராப்பி, இத்தாலியின் எட்னா.

(ஆ) உறங்கும் எரிமலை: நெடுங்காலம் அமைதியாக இருந்தாலும் மீண்டும் கக்கக்கூடிய எரிமலை. பிலிப்பைன்சின் பினற்றுபோ ஏறத்தாழ 500 ஆண்டுகள் அமைதியாக இருந்து, 1991 ஆம் ஆண்டு யூன் மாதத்தில் பெரும் வலுவுடன் வெடித்தது.

(இ) அவிந்த எரிமலை: மீண்டும் கக்கும் என எதிர்பார்க்க முடியாத எரிமலை. ஸ்கொட்லாந்தின் எடின்பரோ நகரிலுள்ள பழைய கோட்டை, ஏறத்தாழ 35 கோடி ஆண்டுகளுக்கு முன் இயங்கிய ஓர் எரிமலையின் எஞ்சிய பாறையின் மீதே கட்டப்பட்டுள்ளது.

விளக்கு அணைந்த வீடும் விளக்கே வைக்காத வீடும் இருட்டாகத்தான் இருக்கும். ஆனால் இரண்டும் ஒன்றல்ல. இமயமலையை "அவிந்த எரிமலை" என்று எழுதுவது, விளக்கே வைக்காத வீட்டைப் பார்த்து "விளக்கு அணைந்துவிட்டது" என்று சொல்வதைப் போன்றது.

3. எரிமலை ஏன் இல்லாமற் போகின்றது?

முதலில் ஒரு தவறான எண்ணத்தை நீக்குவோம். புவியோட்டின் கீழே எங்கும் நெருப்புக் குழம்பு நிறைந்திருக்கின்றது, துளை கிடைத்தால் அது வெளியே வரும் என்று பலர் நினைக்கின்றார்கள். இது சரியன்று. புவியோட்டின் கீழுள்ள மூடி பெரும்பாலும் திண்மப் பாறையே. அது மிகவும் வெப்பமானதாக இருந்தும், மேலேயுள்ள பாறைகளின் பெரும் அமுக்கம் காரணமாக உருகாமல் இருக்கின்றது. அது உருகுவதற்குச் சிறப்பான நிலைமைகள் வேண்டும்.

• அமுக்கம் குறைதல்: தகடுகள் விலகும் எல்லைகளில் கீழுள்ள பாறை மேலெழும்போது நடைபெறும். உதாரணம்: ஐஸ்லாந்து.
• நீர் சேர்தல்: சமுத்திரத் தகடு மற்றொரு தகட்டின் கீழ் அமிழும்போது அதிலுள்ள நீர் வெளியேறி, மேலுள்ள வெப்பமான மூடியின் உருகுநிலையைக் குறைக்கும். உதாரணம்: யப்பான், இந்தோனேசியா.
• மிகை வெப்பம்: ஆழத்திலிருந்து வெப்பமான பாறை மேலெழும் வெப்பப் புள்ளிகளில் நடைபெறும். உதாரணம்: ஹவாய்.

ஆகவே ஓர் இடத்தில் எரிமலை ஏன் இல்லை என்று கேட்டால், நீங்கள் உங்களையே இரண்டு கேள்விகள் கேட்க வேண்டும்.

முதலாவது கேள்வி: அங்கே பாறைக்குழம்பு உண்டாகின்றதா?
இரண்டாவது கேள்வி: உண்டானால், அது மேற்பரப்பை வந்தடைகின்றதா?

இவ்விரண்டில் ஒன்றுக்கேனும் "இல்லை" என்பது விடையானால் அவ்விடம் எரிமலையற்றதாகும்.

4. உதாரணம் ஒன்று: இமயமலை

இந்தியக் கண்டம் வடக்கு நோக்கி நகர்ந்து, ஏறத்தாழ 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவுடன் மோதத் தொடங்கியது. மோதலுக்கு முன் இரண்டுக்கும் இடையே தெதிஸ் என்னும் சமுத்திரம் இருந்தது. அச்சமுத்திரத்தின் தகடு ஆசியாவின் கீழ் அமிழ்ந்தபோது ஆசியாவின் தென்விளிம்பில் எரிமலைகள் இருந்தன. சமுத்திரம் முற்றாக மூடப்பட்டு கண்டத்துடன் கண்டம் மோதியதும் நிலைமை மாறியது. கண்டத் தகடு அடர்த்தி குறைந்தது. அது சமுத்திரத் தகட்டைப் போல இலகுவில் ஆழ அமிழாது. ஒன்றன்மேல் ஒன்றாக மடிந்தும் அடுக்கப்பட்டும் தடிப்படையும். நீர் நிறைந்த சமுத்திரத் தகடு அமிழ்வது நின்றுபோனதால், மூடியை உருக்கும் செயலும் அங்கு நின்றுபோனது.

எனினும் இமயமலையில் பாறை ஒருபோதும் உருகவில்லை என்று எழுதிவிடாதீர்கள். தடித்துப்போன புவியோட்டின் ஆழத்தில் பாறைகள் ஓரளவு உருகியதுண்டு. ஆனால் அக்குழம்பு மேற்பரப்பை அடையாமல் உள்ளேயே குளிர்ந்து கருங்கல்லாக இறுகியது. நேபாளத்தின் மனாசுலு மலையில் அவ்வாறான கருங்கல் இன்று வெளித்தெரிகின்றது. மேலிருந்த பாறைகள் அரித்துச் செல்லப்பட்டதாலேயே அது கண்ணுக்குத் தெரிகின்றது. எவரெஸ்டின் உச்சியோ பண்டைய கடலில் படிந்த சுண்ணாம்புக்கல்லாலானது. எரிமலைப் பாறையால் ஆனதன்று.

இதிலிருந்து ஒரு முக்கிய வேறுபாட்டை அறியலாம். "எரிமலையற்ற" என்பது "பாறைக்குழம்பு அற்ற" என்பதற்குச் சமமானதன்று. தீப்பாறை இருப்பதைக் கொண்டு மட்டும் அங்கே எரிமலை இருந்தது எனவும் முடிவு செய்யக் கூடாது.

5. உதாரணம் இரண்டு: பெரு நாட்டின் அந்தீஸ் மலை

"அமிழும் எல்லைகளில் எரிமலைகள் உண்டு" என்று பாடநூலிற் படித்திருப்பீர்கள். பொதுவாக இது சரி. ஆனால் எல்லா இடத்திலும் அப்படியன்று. தென் அமெரிக்காவின் மேற்குக் கரையின் பெரும்பகுதியில் நஸ்கா தகடு கண்டத்தின் கீழ் அமிழ்கின்றது. கொலம்பியா, எக்குவடோர், தென் பெரு, சிலி ஆகிய இடங்களில் உயிர்ப்புள்ள எரிமலைகள் உண்டு. ஆனால் பெருவின் வடக்கிலும் மத்தியிலும் ஏறத்தாழ 1500 கிலோமீற்றர் நீளத்துக்கு உயிர்ப்புள்ள எரிமலை ஒன்றேனும் இல்லை.

காரணம் யாது? அங்கே அமிழும் தகடு செங்குத்தாக இறங்காமல், சுமார் 100 கிலோமீற்றர் ஆழத்தில் ஏறக்குறைய கிடையாகக் கண்டத்தின் அடியிலே செல்கின்றது. இதனால் இரு தகடுகளுக்கும் இடையில் உருகக்கூடிய வெப்பமான மூடிப் பகுதி இல்லாமற் போகின்றது. நீர் இருந்தும் உருகுவதற்குரிய வெப்பமான பாறை இல்லை.

இங்கு இன்னொன்றையும் கவனியுங்கள். இதே பகுதியில் சில மில்லியன் ஆண்டுகளுக்கு முற்பட்ட எரிமலைப் பாறைகள் உள்ளன. ஆகவே "எரிமலையற்ற" என்று எழுதும்போது இடத்துடன் காலத்தையும் குறிப்பிட வேண்டும். "தற்போது எரிமலையற்ற பிரதேசம்" என்பதே இங்கு பொருத்தமான தொடராகும்.

6. இலங்கையும் கன்னியா வெந்நீரூற்றும்

எமது நாட்டில் உயிர்ப்புள்ள எரிமலையோ உறங்கும் எரிமலையோ இல்லை. இலங்கை தகட்டெல்லையில் அன்றி, தகட்டின் உட்பகுதியில் அமைந்துள்ளமையே இதற்குக் காரணம். கிழக்கே சுமாத்திராவுக்கு அப்பாலுள்ள தகட்டெல்லை ஆயிரம் கிலோமீற்றருக்கும் அதிகமான தூரத்தில் உள்ளது. இலங்கையின் பத்தில் ஒன்பது பங்குக்கு மேற்பட்ட நிலம் மிகப் பழைமையான உருமாறிய பாறைகளால் ஆனது. யாழ்ப்பாணக் குடாநாடு மயோசீன் காலச் சுண்ணாம்புக்கல்லால் ஆனது.

அப்படியானால் திருகோணமலையின் கன்னியாவில் ஏழு கிணறுகளிலும் சுடுநீர் எவ்வாறு வருகின்றது? மகா ஓயாவில் எவ்வாறு வருகின்றது? "அடியில் எரிமலை உள்ளது" என்று எழுதுவது பிழை. புவியின் உள்ளே செல்லச் செல்ல, பொதுவாக ஒவ்வொரு கிலோமீற்றருக்கும் 25 முதல் 30 பாகை செல்சியஸ் வரை வெப்பம் கூடும். மழைநீர் பாறை வெடிப்புகளின் வழியே ஆழத்துக்குச் சென்று, அங்கு சூடாகி, வேறு வெடிப்புகளின் வழியே விரைவாக மேலே வருமானால் அது வெந்நீரூற்றாகும். இதற்கு எரிமலை தேவையில்லை. எனவே இவை எரிமலையற்ற வெந்நீரூற்றுகள் ஆகும்.

7. எரிமலை இல்லையென்றால் ஆபத்தும் இல்லையா?

இதுவே மாணவர்கள் மிகக் கூடுதலாகத் தவறிழைக்கும் இடம். எரிமலையற்ற பிரதேசம் என்றால் பாதுகாப்பான பிரதேசம் என்று பொருளாகாது. புவிநடுக்கம் உண்டாவதற்குப் பாறை உருக வேண்டியதில்லை. பாறை உடைந்து வழுக்கினாலே போதும்.

• எரிமலையற்ற இமயமலைப் பகுதியில், 2015 ஏப்ரல் 25 அன்று நேபாளத்தில் நிகழ்ந்த 7.8 பருமனுடைய புவிநடுக்கத்தில் ஏறத்தாழ 9000 பேர் உயிரிழந்தனர்.
• எரிமலையற்ற பெருப் பகுதியில், 1970 மே 31 அன்று நிகழ்ந்த புவிநடுக்கத்தினால் ஹுவாஸ்கரான் மலையின் பனியும் பாறையும் சரிந்து யுங்காய் நகரையே மூடின. அவ்வனர்த்தத்தில் ஏறத்தாழ 70000 பேர் உயிரிழந்தனர்.
• கலிபோர்னியாவின் சான் அந்திரியாஸ் பிளவில் தகடுகள் பக்கவாட்டில் உராய்கின்றன. அங்கே 1906 இல் நிகழ்ந்த புவிநடுக்கம் சான் பிரான்சிஸ்கோ நகரை அழித்தது.

2004 டிசம்பர் 26 ஐ நாம் மறக்க முடியாது. அன்று எமது கரையோரங்களில் முப்பதாயிரத்துக்கும் மேற்பட்ட உயிர்களைக் காவுகொண்ட சுனாமியைப் பற்றி எழுதும்போது, "கடலடி எரிமலை வெடித்ததால்" என்று இன்றும் சிலர் எழுதுகின்றனர். அது சுமாத்திராவுக்கு அருகே தகடுகள் திடீரென வழுக்கியதால் உண்டான புவிநடுக்கத்தின் விளைவாகும். எரிமலையாலும் சுனாமி உண்டாகலாம். 1883 இல் கிரக்கற்றோவாவில் அவ்வாறு நடந்தது. ஆனால் 2004 இல் நடந்தது அதுவன்று. எரிமலை இல்லாத நாடு, தகட்டெல்லை தூரத்தில் உள்ள நாடு என்பவை உண்மைதான். ஆயினும் தூரத்தில் நடந்த நடுக்கம் அலையாக எமது வாசலுக்கே வந்தது. கடல் திடீரென உள்வாங்கினால் உடனே மேட்டுநிலத்தை நோக்கிச் செல்ல வேண்டும் என்பதைப் பரீட்சைக்காக மட்டுமன்றி வாழ்க்கைக்காகவும் நினைவில் வைத்திருங்கள்.

8. மாதிரி வினாவும் விடையும்

வினா: இமயமலை எரிமலையற்ற மலைத்தொடராகக் காணப்படுவதற்கான காரணங்களை விளக்குக.

விடை: இமயமலை, இரண்டு கண்டத் தகடுகள் மோதியதால் உருவான மடிப்பு மலையாகும். கண்டத் தகடுகள் அடர்த்தி குறைந்தவையாதலால் இலகுவில் ஆழ அமிழ்வதில்லை. சமுத்திரத் தகடு அமிழ்வது நின்றுவிட்டமையால், நீர் சேர்ந்து மூடி உருகும் செயல் தற்போது அங்கு நடைபெறுவதில்லை. தடித்த புவியோட்டின் உள்ளே உண்டான சிறிதளவு பாறைக்குழம்பும் மேற்பரப்பை அடையாது கருங்கல்லாக இறுகியது. எனவே அங்கு எரிமலைகள் இல்லை. எனினும் தகடுகளின் மோதல் தொடர்வதால் புவிநடுக்கங்கள் நிகழ்கின்றன.

நினைவில் கொள்க:

1. "அவிந்த" என்பது ஓர் எரிமலையின் நிலை. "எரிமலையற்ற" என்பது ஓர் இடத்தின் அல்லது நிகழ்வின் தன்மை.
2. எரிமலையற்ற பகுதியிலும் தீப்பாறை இருக்கலாம்.
3. எரிமலையற்ற பகுதியிலும் வெந்நீரூற்று இருக்கலாம்.
4. எரிமலையற்ற பகுதியிலும் கடும் புவிநடுக்கம் நிகழலாம்.
5. இச்சொல்லைப் பயன்படுத்தும்போது இடத்தையும் காலத்தையும் சேர்த்து எழுதுக.

பயிற்சி: "கன்னியாவில் சுடுநீர் உள்ளதால் திருகோணமலை ஓர் எரிமலைப் பிரதேசமாகும்." இக்கூற்று சரியா, பிழையா? காரணம் தந்து ஐந்து வரிகளில் எழுதுக. எழுதி முடித்த பின் 6 ஆம் பகுதியை மீண்டும் வாசித்து, உங்கள் விடையை நீங்களே திருத்திப் பாருங்கள்.