எக்ஸ்பார்ட்டி ஆன ஜீவனாம்சம்

"நான் கோர்ட் வாசலையே மிதிக்கல. என்னைக் கேக்காம எப்படிண்ணே மாசம் எட்டாயிரம் போடலாம்?" தாடிக்கொம்பு டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து இப்படிக் கேட்கும் தம்பிக்கு முதல் பதில்: போடலாம். டீயைக் குடியுங்கள், விவரமாகச் சொல்கிறேன்.

ஜீவனாம்ச வழக்கு முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-ஆம் பிரிவில் நடந்தது. 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் அது 144. சாட்சி விசாரணை கணவர் முன்னிலையிலோ அவருடைய வக்கீல் முன்னிலையிலோதான் நடக்க வேண்டும் என்கிறது அடுத்த பிரிவு 145, அதாவது பழைய 126. ஆனால் அவர் வேண்டுமென்றே நோட்டீஸை வாங்காமல் தட்டிக்கழிக்கிறார், அல்லது வேண்டுமென்றே வராமல் இருக்கிறார் என்று நீதிபதிக்குத் திருப்தி ஏற்பட்டால், அவர் இல்லாமலே விசாரித்து உத்தரவு போடலாம்; 'எக்ஸ்பார்ட்டி' என்பது இதைத்தான். அந்த உத்தரவை நீக்கவும் அதே பிரிவு வழி வைத்திருக்கிறது: தக்க காரணத்தைக் காட்டி, உத்தரவான நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள், அதே குடும்ப நல நீதிமன்றத்தில் மனு போட வேண்டும்.

ஆக, எல்லாம் அந்த 'வேண்டுமென்றே'யில் இருக்கிறது. தம்பி திருப்பூரில் பனியன் கம்பெனியில் தங்கி வேலை பார்க்கிறார், நோட்டீஸ் தாடிக்கொம்பு வீட்டுக்குப் போகிறது என்று வையுங்கள். கவர் 'இந்த விலாசத்தில் இல்லை' என்று திரும்பியிருந்தால் பேச இடம் இருக்கிறது. 'வாங்க மறுத்தார்' என்று தபால்காரர் எழுதித் திரும்பியிருந்தால், கோர்ட் அதைக் கையில் கொடுத்த மாதிரியே எடுத்துக்கொள்ளும். "லெட்டரை வாங்காதே, கேஸ் நிக்காது" என்று யோசனை சொல்லும் பெரியவர்கள் எந்த ஊரிலும் உண்டு. கெடுப்பதே அவர்கள்தான்.

மனுவோடு காட்ட வேண்டியது கம்பெனி வருகைப் பதிவு, ரூம் வாடகை ரசீது, ஆஸ்பத்திரியில் இருந்திருந்தால் டிஸ்சார்ஜ் சீட்டு. வாய்தா நாளில் நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்பதுதான் இப்போதைய கேள்வி. மனைவி மேல் உள்ள குறைகளைப் பத்துப் பக்கம் எழுதிப் பிரயோசனமில்லை. அதெல்லாம் வழக்கு மறுபடி திறந்த பிறகு. மூன்று மாதம் தாண்டியிருந்தால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்த்துப் போட வேண்டும்.

மனு போட்டதாலேயே வசூல் நிற்காது. தடை வேண்டுமென்றால் தனியாகக் கேட்க வேண்டும். செலவுத்தொகை கட்டச் சொல்ல நீதிபதிக்கு அதிகாரம் உண்டு. பாக்கியில் ஒரு பங்கைக் கட்டச் சொல்வதும் வழக்கம். பாக்கி சின்னதாக இருக்காது. மனு தாக்கலான தேதியிலிருந்தே ஜீவனாம்சம் கணக்கிட வேண்டும் என்று ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் 2020 நவம்பரில் சொல்லிவிட்டது. வழக்கு இரண்டு வருஷம் ஓடி எட்டாயிரம் உத்தரவானால், தம்பி காதில் விழும்போதே 1,92,000 ரூபாய்.

"உள்ளே போய் இருந்துட்டு வந்துடறேன்" என்று பாக்கியைக் கட்டாமல் வீம்பு பேசுவோருக்கு 1988-லேயே குல்தீப் கவுர் வழக்கில் பதில் வந்துவிட்டது. சிறை, பணத்தைக் கட்ட வைக்கத்தான். இருந்துவிட்டு வந்தாலும் கடன் தீராது.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்கு நேராகப் போய் ரிவிஷன் போடலாமே என்பார்கள். குடும்ப நல நீதிமன்றச் சட்டத்தின் 19(4) அதற்கு வழி தருகிறது. ஆனால் அங்கே பார்ப்பது கீழ்க்கோர்ட் கட்டைத்தான். வராதவரின் சம்பளச் சீட்டு அந்தக் கட்டில் ஏது? உத்தரவிலேயே சட்டப் பிழை இருந்தால் ஒழிய, முதலில் திண்டுக்கல் குடும்ப நல நீதிமன்றத்தில் மனு போடுவதே மேல் என்பது என் எண்ணம். சொத்து, கடன், வருமான விவரப் பிரமாணப் பத்திரத்தையும் தயாராக வைத்துக்கொள்ளுங்கள். ரஜ்னேஷ் தீர்ப்புக்குப் பிறகு இரு தரப்பும் அதைக் கொடுத்தாக வேண்டும்.

அந்தப் பக்கம் பள்ளிக்கூட ஃபீஸ் கட்ட வேண்டிய ஒரு பெண் இருக்கிறார். முடிந்ததை மாதாமாதம் கட்டிக்கொண்டே வழக்கு நடத்துபவர் மேல் 'வேண்டுமென்றே வரவில்லை' என்ற பேச்சு எடுபடுவது கடினம்.

இன்றைக்கே செய்ய வேண்டியது, உத்தரவின் சான்றிட்ட நகலுக்கு மனு போடுவது. மூன்று மாதக் கணக்கு, நீங்கள் கேள்விப்பட்ட நாளிலிருந்து அல்ல, அந்த நகலில் உள்ள உத்தரவுத் தேதியிலிருந்து ஓடுகிறது என்றே எண்ணிக்கொள்ளுங்கள்.