மரத்தடி மூலைக்கு ஒரு திண்ணை

உத்திரமேரூர்னு சொன்னதும் பாடப்புத்தகத்துல படிச்ச குடவோலை முறைதான் ஞாபகம் வரும். வைகுண்டப் பெருமாள் கோயில்ல இருக்கிற, முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள், கி.பி. 919, 921. அதுல நான் ரசிக்கிற கணக்கு ஒண்ணு இருக்கு. 30 குடும்புகள்ல இருந்து 30 பேர். சம்வத்சர வாரியத்துக்கு 12 பேர், ஏரி வாரியத்துக்கு 6 பேர். மீதி 12 பேரும் தோட்ட வாரியம்! தோட்டத்தைப் பார்த்துக்கிறது அன்னிக்கு ஊர்ப் பொறுப்பு.

இன்னிக்கு எங்க பக்கத்துக் கொல்லைகள்ல வேப்பமரத்தடி மூலைன்னா உடைஞ்ச ஓடு, பழைய டயர், கொட்டாங்குச்சி. ஆனா மே மாசம் மதியம் கரண்ட் போனா, வீட்டுப் பெரியவங்க நிம்மதியா உட்கார இருக்கிற ஒரே இடம் அதுதான். மரத்தை வெட்டாம அதை எப்படி மாத்தலாம்?

முதல்ல குப்பை. பூட்ஸ் போட்டு, கம்பால கிளறி, பகல்லயே எடுங்க. அடியில தேளோ பாம்போ இருக்கலாம். டயர்லயும் கொட்டாங்குச்சியிலயும் தேங்குற மழைத்தண்ணிதான் டெங்கு கொசுவுக்குத் தொட்டில்.

அடுத்து தரை. எல்லாரும் உடனே சிமென்ட் போடத்தான் நினைப்பாங்க. வேண்டாம். மரம் தண்ணியும் காத்தும் எடுக்கிற மெல்லிய வேர்கள் பெரும்பாலும் மேல்மண்ணுலதான் இருக்கு. 2013-ல் தேசிய பசுமைத் தீர்ப்பாயம் டெல்லியில மரங்களைச் சுத்தி ஒரு மீட்டருக்குள்ள இருக்கிற கான்கிரீட்டை எடுக்கச் சொன்னது இதனாலதான். நீங்களும் அந்த ஒரு மீட்டரை விட்டுடுங்க. அதுக்கு வெளியில மணல் பரப்பி, பழைய செங்கலை சிமென்ட் பூசாம அடுக்குங்க. மழைத்தண்ணி இடுக்கு வழியா இறங்கிடும். அடிமரத்துல மண் குவிக்காதீங்க, தடிச்ச வேரை வெட்டாதீங்க.

உட்கார, ரெண்டு செங்கல் மேடை கட்டி மேல ஒரு கருங்கல் பலகை போதும். வெயில் படாத கல் மதியத்துலயும் சில்லுன்னு இருக்கும். உயரம் ஒன்றரை அடி இருக்கட்டும். அதைவிடத் தாழ்ந்தா முட்டிவலி இருக்கிறவங்க எழுந்திருக்கக் கஷ்டப்படுவாங்க. பக்கத்துல பிடிச்சுக்க ஒரு சுவரோ தூணோ இருந்தா இன்னும் நல்லது.

செடியைத் தொட்டியில வைங்க. வேருக்கு நடுவுல குழி தோண்ட வேண்டாம். காய்ஞ்ச நிழலுக்கு மருள். ஈரமான நிழலுக்கு வெற்றிலை, மஞ்சள், சேம்பு.

ஆனா எதையும் வாங்குறதுக்கு முன்னாடி ஒரு வேலை. அடுத்த தடவை ஊருக்குப் போறப்போ, அந்த மூலையில ஒரு நாற்காலி போட்டு காலையில, மதியம், சாயங்காலம்னு மூணு வேளையும் உட்கார்ந்து பாருங்க. வெயில் எங்க விழுது, காத்து எந்தப் பக்கம் வருதுன்னு தெரிஞ்சுட்டா, பலகையை எங்க போடணும்னு உங்களுக்கே புரிஞ்சுடும்.