குடியேற்ற எல்லைக் குடும்ப வரலாறும் சிறார் சாகசப் புனைவும்: லாரா இங்கல்ஸ் வைல்டரின் நூல்வரிசை

முன்னுரை

19ஆம் நூற்றாண்டில் அமெரிக்க ஐக்கிய நாடுகளின் குடியேற்றம் மேற்கு நோக்கி விரிந்தது. அவ்விரிவின் விளிம்பில் வாழ்ந்த குடும்பங்களின் வரலாறு, பின்னாளில் சிறார் சாகச இலக்கியத்தின் முதன்மைப் பொருள்களுள் ஒன்றாயிற்று. இவ்வகையில் பெரும்புகழ் பெற்றவை லாரா இங்கல்ஸ் வைல்டர் (1867–1957) எழுதிய ‘லிட்டில் ஹவுஸ்’ நூல்கள். 1932 முதல் 1943 வரை எட்டு நூல்கள் வெளிவந்தன. குடும்ப வரலாறு சாகசக் கதையாக மாறும்போது எவை விடுபடுகின்றன என்பதையும், அவ்விடுபாடு வாசிப்பை எவ்வாறு வழிநடத்துகிறது என்பதையும் இக்கட்டுரை விளக்குகிறது.

தன்வரலாறும் புதினமும்

வைல்டர் முதலில் எழுதியது சிறார் நூலன்று. ‘பயனியர் கேர்ள்’ என்னும் தன்வரலாற்றை வயதுவந்த வாசகர்களுக்காக 1930இல் எழுதி முடித்தார். பதிப்பகங்கள் அதனை ஏற்கவில்லை. அதன் செய்திகளே, எழுத்தாளரான மகள் ரோஸ் வைல்டர் லேனின் செப்பனிடுதலோடு, சிறார் புதினங்களாக உருப்பெற்றன. மூலத் தன்வரலாறு விரிவான குறிப்புகளுடன் 2014இல்தான் அச்சேறியது. இதனால், தொல்காப்பியம் சுட்டும் நாடக வழக்கு, உலகியல் வழக்கு ஆகிய இரண்டும் இந்நூல்களில் எவ்வாறு கலந்துள்ளன என்பதை ஒப்பிட்டுக் காண வாய்ப்பு ஏற்பட்டுள்ளது.

மறைந்துபோன பின்வாங்கல்கள்

இங்கல்ஸ் குடும்பம் 1869இல் கான்சாஸ் புல்வெளியை அடைந்து, 1871இல் விஸ்கான்சின் காட்டு வீட்டிற்கே திரும்பியது. புதின வரிசையோ விஸ்கான்சின் வாழ்வை முன்னும் கான்சாஸ் வாழ்வைப் பின்னும் வைத்து, அங்கிருந்து குடும்பத்தை நேரே மினசோட்டாவுக்கு அழைத்துச் செல்கிறது. கான்சாஸில் இருந்தபோது லாராவின் வயது நான்கைத் தாண்டவில்லை. புதினத்துச் சிறுமியோ சற்று வளர்ந்தவள்.

மினசோட்டாவில் வெட்டுக்கிளிகள் பயிரை அழித்தபின், குடும்பம் 1876இல் கிழக்கே அயோவா மாநிலத்து பர் ஓக் ஊருக்குச் சென்று, அங்கு ஒரு தங்கும் விடுதியில் உழைத்தது. அவ்வாண்டிலேயே ஒன்பது மாதக் குழந்தையான தம்பி இறந்தான். பின்னர்க் கடனைத் தீர்க்க இயலாமல் இரவோடு இரவாக அவ்வூரை விட்டு அகன்றது. இவற்றுள் எதுவும் புதினங்களில் இடம்பெறவில்லை. கிழக்கு நோக்கிய இரு பின்வாங்கல்களும் நீங்கியதால், தடுமாறி அலைந்த ஓர் ஏழைக் குடும்பத்தின் வரலாறு, மேற்கு நோக்கி இடையறாது முன்னேறும் தற்சார்புக் குடும்பத்தின் சாகசமாகத் தோற்றம் கொள்கிறது.

நிலம் யாருடையது?

1935இல் வெளிவந்த ‘லிட்டில் ஹவுஸ் ஆன் தி ப்ரெய்ரி’ கான்சாஸ் வாழ்வைக் கூறுகிறது. வீடு கட்டுதல், கிணறு வெட்டுதல், ஓநாய்க் கூட்டம், காட்டுத்தீ, காய்ச்சல் என நிகழ்ச்சிகள் சிறுமியின் பார்வையில் விரிகின்றன. 1862ஆம் ஆண்டின் குடியிருப்பு நிலச் சட்டம், ஐந்தாண்டுகள் தங்கிப் பயிரிடுவோர்க்கு 160 ஏக்கர் வரை வழங்கியது. ஆனால் இக்குடும்பம் வீடு கட்டிய இடம் ஓசேஜ் பழங்குடியினருக்கு உரிய ஒதுக்கீட்டு நிலம். அச்சட்டம் அங்குச் செல்லாது. 1870இல் இயற்றப்பட்ட மற்றொரு சட்டத்தின் வழி ஓசேஜ் மக்கள் இன்றைய ஒக்லஹோமா பகுதிக்கு அகற்றப்பட்டனர்.

புதினம் இதனை முற்றிலும் அறியாததன்று. இந்தியர்களின் நாட்டிலிருந்து இந்தியர்களையே வெளியேற்றினால் அவர்கள் சினம் கொள்ளமாட்டார்களா என்று சிறுமி கேட்கத் தொடங்குகிறாள். தந்தை அவளை உறங்கச் சொல்லிவிடுகிறார். குழந்தையின் பார்வை சாகசத்திற்கு உயிரூட்டுகிறது; அதே பார்வை, நில உரிமை பற்றிய வினாவைப் பெரியவர்களின் சொல்லுக்கு அடங்கிப்போகவும் செய்கிறது.

திருத்தமும் மறுமொழியும்

முதற்பதிப்பு, அப்புல்வெளியில் மக்கள் இல்லை, இந்தியர் மட்டுமே இருந்தனர் என்னும் பொருள்படத் தொடங்கியது. 1952இல் ஒரு வாசகர் இதனைக் கண்டித்தெழுத, மறுபதிப்பில் ‘மக்கள்’ என்னும் சொல் ‘குடியேறியோர்’ என மாற்றப்பட்டது. சொல் திருந்தியது, கதையை நோக்கும் கண் மாறவில்லை. வைல்டர் பெயரில் 1954 முதல் வழங்கப்பட்ட சிறார் இலக்கிய விருதின் பெயரை அமெரிக்க நூலகச் சங்கத்தின் சிறார் பிரிவு 2018இல் மாற்றியது.

இவற்றினும் ஆழமான மறுமொழி புனைவிலிருந்தே வந்தது. ஒஜிப்வே மரபினரான லூயிஸ் எர்ட்ரிக் எழுதிய ‘தி பர்ச்பார்க் ஹவுஸ்’ (1999), 1847இல் சுப்பீரியர் ஏரித் தீவொன்றில் வாழும் ஓமக்காயஸ் என்னும் சிறுமியின் கதை. வீடு, பருவம், உணவு, நோய், உடன்பிறப்பு ஆகிய அதே கூறுகள் இங்கும் உண்டு. ஆனால் குடியேற்ற எல்லை இங்கே செல்லுமிடமன்று. தம்மை நோக்கி நெருங்கிவரும் இடர்.

முடிவுரை

குடும்ப வரலாற்றை அடியாகக் கொண்ட சிறார் சாகச நூல்களை, அவை கூறுவனவற்றால் மட்டுமன்றி விடுத்தனவற்றாலும் மதிப்பிடல் வேண்டும். வைல்டரின் நூல்களை ஒதுக்குவதாலோ சொற்களைத் திருத்துவதாலோ அவ்விடுபாடு நிரம்புவதில்லை. தன்வரலாற்றையும் எர்ட்ரிக்கின் புதினத்தையும் உடன்வைத்துக் கற்பிக்கும்போதுதான், தந்தை பாதியில் நிறுத்திய சிறுமியின் வினா வகுப்பறையில் முழுமையாக எழும்.