ஹெல்லராவ் அரங்கின் படிக்கட்டுகள்

தீட்டிய திரைச்சீலைகளே காட்சியமைப்பாக விளங்கிய ஐரோப்பிய மேடையில், தட்டையான ஓவியத்தின் முன் முழு உருவம் கொண்ட நடிகர் ஒட்டாமல் நிற்பதைப் பெருங்குறையாகக் கண்டவர் சுவிட்சர்லாந்தின் அடோல்ஃப் அப்பியா (1862–1928). டிரெஸ்டன் நகரை அடுத்த ஹெல்லராவில், இசையை உடலசைவால் கற்பிக்கும் முறையை வகுத்த ஜாக்-டால்குரோஸின் பள்ளிக்கென எழுந்த அரங்கில், 1912-இலும் 1913-இலும் குளுக்கின் 'ஆர்ஃபியஸும் யூரிடிஸும்' இசைநாடகம் நிகழ்ந்தபோது, பாதாள உலகத்தை அப்பியா படிக்கட்டுகளாலும் தளங்களாலும் தொங்கும் எளிய திரைகளாலும் மட்டுமே அமைத்தார். முன்திரையோ, மேடையை அவையிலிருந்து பிரிக்கும் புரொசீனியம் என்னும் முகப்புச் சட்டமோ அங்கு இல்லை. சுவர்களிலும் கூரையிலும் மெழுகு தோய்த்த வெண்துணியைப் போர்த்தி, அதன் பின்னே ஆயிரக்கணக்கான மின்விளக்குகளைப் பொருத்தினார் ஒளியமைப்பாளர் அலெக்சாந்தர் ஃபான் சால்ஸ்மன். ஊற்றுக்கண் புலப்படாத அந்த ஒளி, இசைக்கேற்பக் கூடியும் குறைந்தும் நடிகரையும் அவையோரையும் ஒருசேரத் தழுவியது. உச்சிப் படியில் தோன்றும் ஆர்ஃபியஸ் படிப்படியாக இறங்குகையில், எந்த ஓவியமும் காட்டவியலாத ஆழம் அவ்விறக்கத்திலேயே புலனாயிற்று. மேடைக் கலையில் நடிகரின் உடலை அளவுகோலாக்கிய இம்முறையே அப்பியாவின் மிகப் பெரிய கொடை. 1914-இல் போர் மூண்டதும் டால்குரோஸின் பணி அங்கு முடிவுற்றது. கட்டடம் இன்றும் நிகழ்கலை அரங்காக இயங்குகிறது.