வட்டக்களரியும் படச்சட்டமும்

மட்டக்களப்பு வாவியின் மேற்கே படுவான்கரை, கிழக்கே எழுவான்கரை எனப் பிரிந்து கிடக்கும் ஊர்களில் ஆடப்படும் கூத்துக்கு முன்பக்கம் என்று ஒன்று கிடையாது. வட்டமாக அமைந்த களரியின் நடுவே கூத்தைப் பழக்கும் ஆசானான அண்ணாவியார் மத்தளத்துடன் நிற்க, அருகே சல்லரித் தாளம் ஒலிக்க, ஆட்டக்காரர் அவர்களைச் சுற்றி ஆட, சனங்கள் நாற்புறமும் அமர்ந்து விடியும்வரை பார்ப்பர். அரங்கக் கோட்பாடுகளிலிருந்து பிறக்கும் சோதனைக் குறும்படங்களை, அதாவது கதையைவிடக் காட்டும் முறையையே முதன்மைப்படுத்தும் சிறு படங்களை, விளங்கிக்கொள்ள இந்த வட்டமே நல்ல வாயில்.

அத்தகைய படமொன்று முன்னர் பிறந்ததும் ஏறத்தாழ வட்டத்தில்தான். 1923இல் மொஸ்கோவில் ரஷ்ய நாடகாசிரியர் ஒஸ்த்ரோவ்ஸ்கியின் நகைச்சுவை நாடகமொன்றைச் சர்க்கஸ் வளையம் போன்ற களத்தில் ஆடச்செய்த சோவியத் இயக்குநர் சேர்ஜி ஐசன்ஸ்டைன், நாயகனின் களவுபோன நாட்குறிப்பை அவையோருக்குக் காட்டுவதற்கென ‘குளூமோவின் நாட்குறிப்பு’ என்ற சில நிமிடப் படத்தை எடுத்தார். அதுவே அவருடைய முதற்படம். பார்ப்பவரின் புலன்களைத் தாக்கும் தனித்தனி நிகழ்வுகளைக் கணக்கிட்டு அடுக்குவதே அரங்கு என்று அதே ஆண்டில் அவர் எழுதிய கொள்கை, பின்னர் அவருடைய படத்தொகுப்புக் கோட்பாடாக வளர்ந்தது.

மேற்கின் அரங்கக் கோட்பாடுகளுக்குக் கிழக்கும் ஊற்றாயிற்று: பிரெஞ்சு அரங்கவியலாளர் ஆர்தோ 1931இல் பாரிசில் பாலித்தீவு ஆட்டத்தையும், ஜெர்மன் நாடகாசிரியர் பிரெக்ட் 1935இல் மொஸ்கோவில் சீன நடிகர் மெய் லான்பாங்கையும் கண்டே தத்தம் கொள்கைகளைக் கூர்மைப்படுத்தினர். நடிகர் பாத்திரத்தில் கரையாமல் விலகி நின்று காட்டவேண்டும் என்ற பிரெக்டின் கருத்து, பாத்திரத்தின் வரவைப் படர்க்கையில் பாடக் கேட்டுப் பழகிய கூத்து இரசிகருக்குப் புதிதன்று. கிழக்கிலிருந்து போனதை மட்டக்களப்பார் மேற்கிடம் இரவல் வாங்கத் தேவையில்லை.

1960களில் பேராதனைப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர் சு. வித்தியானந்தன், ‘கர்ணன் போர்’, ‘இராவணேசன்’ முதலிய ஆக்கங்கள் வழியாக இரவு முழுதும் ஆடும் கூத்தைச் சுருக்கிப் படச்சட்ட மேடைக்கு, அதாவது ஒருபக்கம் மட்டும் திறந்த மேடைக்குக் கொண்டுவந்தார். கூத்துக்குப் புதிய மதிப்பைத் தேடித்தந்த அந்த முயற்சியில் வட்டம் போயிற்று; ஆனால் பிற்காலத்தில் அரங்கச் செயற்பாட்டாளர் சி. ஜெயசங்கர் மட்டக்களப்பின் சீலாமுனை மக்களோடு செய்த கூத்து மீளுருவாக்கம் களரியை ஊருக்குள்ளேயே வைத்துக்கொண்டது. குறும்படம் எடுப்போர் முன்னும் இதே தெரிவு உண்டு. கமராவைக் களரிக்கு வெளியே நிறுத்தினால் கிடைப்பது கூத்தின் பதிவு மட்டுமே. அண்ணாவியார் நிற்கும் நடுவிடத்தில் வைத்து ஆட்டக்காரரோடு திருப்பினால், அவர் ஒருமுறை சுற்றிவருவதற்குள் அவருக்குப் பின்னால் ஊர்ச்சனங்களின் முகங்கள் அத்தனையும் படத்துக்குள் வந்துவிடும்.