வீட்டில் ஷாட்கன்: ஒளித்தால் போதாது, பூட்ட வேண்டும்

அமெரிக்கக் கிராமப்புற வீடுகள் பலவற்றில் ஷாட்கன் என்ற வேட்டைத் துப்பாக்கி இருக்கும். வாத்து வேட்டைக்கும் வான்கோழி வேட்டைக்கும் தாத்தா வாங்கியது பேரன் கைக்கு வந்திருக்கும். கதவு மூலையில் சாத்தியிருப்பார்கள். கட்டிலுக்கு அடியிலோ துணி அலமாரியின் பின்பக்கமோ வைத்திருப்பார்கள். திருடனுக்குப் பயந்து தோட்டாவை நிரப்பியே வைப்பவர்களும் உண்டு.

அந்த நாட்டில் 1 முதல் 19 வயது வரையுள்ளவர்களின் உயிரைப் பறிக்கும் முதல் காரணமாக 2020இல் துப்பாக்கிக் காயம் சாலை விபத்தை முந்தியது. கொலை, தற்கொலை, கைதவறி வெடித்தது எல்லாம் இந்தக் கணக்கில் சேரும். தோட்டா நிரப்பிய, பூட்டாத துப்பாக்கி உள்ள வீடுகளில் சுமார் 46 லட்சம் குழந்தைகள் வாழ்வதாக 2015இல் எடுத்த கணக்கு சொல்கிறது. அதனால்தான் அங்கே குழந்தை மருத்துவர்கள் தடுப்பூசி பற்றிப் பேசும்போதே துப்பாக்கியை எங்கே வைத்திருக்கிறீர்கள் என்றும் கேட்கிறார்கள்.

சொல்லி வளர்த்த பிள்ளைகள்

“எங்கள் பிள்ளை தொடமாட்டான், சொல்லி வைத்திருக்கிறோம்” என்பதுதான் பெற்றோரின் வழக்கமான பதில். அட்லாண்டா மருத்துவர்கள் இதைச் சோதித்துப் பார்த்து, 2001இல் முடிவை வெளியிட்டார்கள். 8 முதல் 12 வயதுள்ள 64 சிறுவர்களை இரண்டு மூன்று பேராக ஓர் அறையில் விட்டார்கள். அங்கிருந்த இழுப்பறை ஒன்றில் தோட்டா இல்லாத நிஜக் கைத்துப்பாக்கி இருந்தது. 48 பேர் அதைக் கண்டுபிடித்தார்கள். 30 பேர் கையில் எடுத்தார்கள். 16 பேர் விசையையே அழுத்திவிட்டார்கள்.

எடுத்தவர்களிலும் அழுத்தியவர்களிலும் 90 சதவீதத்துக்கு மேற்பட்டோர் துப்பாக்கி பற்றிய அறிவுரையை ஏற்கெனவே கேட்டவர்கள். கண்டுபிடித்தவர்களில் ஏறத்தாழ பாதிப் பேருக்கு அது நிஜமா பொம்மையா என்பதே தெரியவில்லை. கைத்துப்பாக்கியை வைத்து நடந்த சோதனைதான். ஆனாலும் சாத்தி வைத்த ஷாட்கன் இழுப்பறையில் கிடப்பதைவிடச் சுலபமாகக் கண்ணில் படும்.

அந்தச் சில நிமிடங்கள்

ஆபத்து சிறுவர்களுக்கு மட்டுமல்ல. அமெரிக்காவில் ஆண்டுதோறும் துப்பாக்கியால் இறப்பவர்களில் பாதிக்கும் மேற்பட்டோர் தற்கொலை செய்துகொண்டவர்கள். ஹூஸ்டன் நகரில், கடுமையான தற்கொலை முயற்சியிலிருந்து பிழைத்த 13 முதல் 34 வயது வரையுள்ள 153 பேரிடம் ஆய்வாளர்கள் பேசினார்கள். முடிவெடுத்ததற்கும் முயன்றதற்கும் நடுவே 5 நிமிடம்கூட ஆகவில்லை என்று நாலில் ஒருவர் சொன்னார். அந்த வேகம் தணியும்வரை துப்பாக்கி கைக்கு எட்டாமல் இருந்தால் பலர் பிழைத்துக்கொள்வார்கள்.

தமிழ்நாட்டில் துப்பாக்கியின் இடத்தில் பூச்சிமருந்து இருக்கிறது. மனநல மருத்துவர் லட்சுமி விஜயகுமாரின் குழு கடலூர் மாவட்டக் கிராமங்களில் பூச்சிமருந்தை வீட்டில் வைக்காமல், பொது இடத்தில் ஆளுக்கொரு பெட்டியில் பூட்டி வைக்கச் செய்தது. அதன் பிறகு அங்கே தற்கொலைகள் குறைந்ததாக 2013இல் வெளியான ஆய்வு காட்டியது. பொருள் வேறு, வழி ஒன்றுதான்.

நான்கு வேலைகள்

அமெரிக்க மருத்துவச் சங்க இதழில் 2005இல் வெளியான ஆய்வு நான்கு பழக்கங்களைச் சோதித்தது: துப்பாக்கியைப் பூட்டுவது, தோட்டாவை எடுத்துவிடுவது, தோட்டாவையும் பூட்டுவது, இரண்டையும் வேறு வேறு இடத்தில் வைப்பது. ஒவ்வொன்றுமே தனித்தனியாகப் பிள்ளைகளுக்கு நேரும் ஆபத்தைக் குறைத்தது.

முதலில் தோட்டா. இரட்டைக் குழல் துப்பாக்கியை மடக்கித் திறந்தால் இரண்டு குழலும் காலியா என்று பார்வையிலேயே தெரிந்துவிடும். பம்ப் ரகம் ஏமாற்றும். குழலுக்குக் கீழே உள்ள மேகசினில் தோட்டாக்கள் வரிசையாக நிற்கும். ஒன்றை வெளியே எடுத்ததும் காலி என்று நினைத்துவிடுவார்கள். மேகசினையும் தோட்டா அறையையும் கண்ணால் பார்த்து, விரலாலும் தடவிப் பார்க்க வேண்டும். ‘சேஃப்டி’ பொத்தானைப் பூட்டாக எண்ணக் கூடாது. அதைத் தள்ளிவிட ஒரு குழந்தையின் விரல் போதும்.

அடுத்தது பூட்டு. திறந்த நிலையில் உள்ள துப்பாக்கிக்குள் கேபிள் பூட்டை நுழைத்துவிட்டால் தோட்டாவைப் போட்டு மூட முடியாது. விலை குறைவு, ஆனால் திருடனைத் தடுக்காது. அதற்குச் சுவரோடு போல்ட் போட்டு இறுக்கிய இரும்பு அலமாரி வேண்டும். கண்ணாடிக் கதவு போட்ட அழகு அலமாரி இதில் சேராது. பிறந்த தேதியை ரகசிய எண்ணாக வைத்தால் வீட்டுப் பிள்ளைகளுக்குத் திறக்கத் தெரிந்துவிடும். அலமாரி மேலே வைத்த சாவியும் அப்படித்தான்.

பூட்டி வைக்கும் துப்பாக்கியைத் துணி உறையில் நெடுநாள் வைத்தால் ஈரம் பிடித்துத் துருவேறும். எண்ணெய் தடவி, அலமாரிக்குள் சிலிக்கா ஜெல் பொட்டலம் போட வேண்டும்.

பிரிட்டனில் சாவிக்கும் விதி

பிரிட்டனில் ஷாட்கன் சான்றிதழை 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை புதுப்பிக்க வேண்டும். போலீசார் வீட்டுக்கே வந்து அலமாரியைப் பார்ப்பார்கள். விண்ணப்பித்தவரின் உடல்நலம், மனநலம் பற்றி மருத்துவரிடமும் தகவல் பெறுவார்கள். சான்றிதழ் இல்லாதவர் மனைவியோ கணவனோ ஆனாலும், சாவி இருக்கும் இடம் அவருக்குத் தெரியக் கூடாது.

வீட்டை விட்டு அனுப்ப வேண்டிய நேரம்

சில நேரம் பூட்டும் உதவாது, ஏனென்றால் சாவி ஆபத்தில் இருப்பவரிடமே இருக்கும். மனச்சோர்வு, மணமுறிவு, வேலை இழப்பு, மிகுதியான குடி, முதியவருக்கு மறதி நோய் ஆகியவை அந்தக் கட்டத்தின் அறிகுறிகள். மறதி நோய் உள்ளவர் சொந்தப் பிள்ளையையே அந்நியன் என்று நினைத்துத் துப்பாக்கியை எடுக்கக்கூடும். அப்போது சட்டம் இடம் தரும் வழியில் துப்பாக்கியைக் கொஞ்ச காலம் வேறிடத்தில் ஒப்படைப்பதே நல்லது. கொலராடோ மாநிலத்தில் அப்படி வாங்கி வைத்துக்கொள்ளும் துப்பாக்கிக் கடைகளையும் காவல் நிலையங்களையும் காட்டும் வரைபடத்தை 2019இல் வெளியிட்டார்கள்.

மன உளைச்சலில் இருப்பவர்கள் அமெரிக்காவில் 988 என்ற எண்ணையும், இந்தியாவில் 14416 என்ற டெலி மானஸ் எண்ணையும் இரவு பகல் எந்நேரமும் அழைக்கலாம். டெலி மானஸில் தமிழிலும் பேசலாம்.